வீட்டு ஆக்சிஜனும் காய்ந்த மூக்கும்: தண்ணீர் பாட்டில் யாருக்குத் தேவை, எப்படிப் பொருத்துவது?

காசிமேட்டிலும் ராயபுரத்திலும் மே மாதக் காலை ஏழு மணிக்கே சட்டை முதுகோடு ஒட்டிக்கொள்ளும். கடற்காற்றில் அவ்வளவு ஈரம். அதே வீட்டுக்குள் ஆக்சிஜன் மெஷின் ஓட, மூக்கில் குழாயோடு படுத்திருக்கும் பெரியவர் மட்டும் மூக்கு காய்ந்து எரிகிறது என்பார். "இந்தப் புழுக்கத்தில் மூக்கு எப்படிக் காயும்?" என்று வீட்டார் அவரையே குறை சொல்வார்கள். அவர் சொல்வதுதான் சரி.

கான்சென்ட்ரேட்டர் என்ற அந்த மெஷின் அறைக் காற்றை உறிஞ்சி, ஜியோலைட் துகள்கள் நிரம்பிய உருளைக்குள் அழுத்தித் தள்ளுகிறது. துகள்கள் நைட்ரஜனைப் பிடித்து நிறுத்திக்கொள்கின்றன. காற்றில் இருந்த ஈரமும் அதோடு போய்விடுகிறது. வெளியே வருவது ஏறக்குறைய 90 முதல் 96 சதவீதம் ஆக்சிஜன், அதுவும் நன்றாக உலர்ந்த நிலையில். சிலிண்டரில் அடைத்துவரும் ஆக்சிஜனும் உலர்ந்ததுதான். இந்த உலர்ந்த காற்று மூக்கின் நடுச்சுவரின் முன்பகுதியில் இரவு பகலாக மோதுகிறது. மெல்லிய இரத்தக் குழாய்கள் கூடுமிடம் அது. பொருக்குக் கட்டுவதும், சளியில் இரத்தக் கோடு தெரிவதும் அதனால்தான்.

ஸ்டான்லி மருத்துவமனையிலோ ஓட்டேரி நெஞ்சக நோய் மருத்துவமனையிலோ படுத்திருந்து, "வீட்டில் ஆக்சிஜன் வைத்துக்கொள்ளுங்கள்" என்ற சீட்டோடு முதல் முறையாக மெஷினை வீட்டுக்குக் கொண்டுவந்தவர்களை நினைத்து இதை எழுதுகிறேன். நான் வடசென்னையில் வீடு வீடாகப் போய் நோயாளிகளைப் பார்க்கும் செவிலியர். மெஷினிலிருந்து வரும் காற்றைத் தண்ணீருக்குள் குமிழிகளாக விட்டு ஈரமாக்குவதற்காக மெஷினோடு தரப்படும் அந்தச் சின்னத் தண்ணீர் பாட்டிலைப் பற்றி யாரும் ஐந்து நிமிடம் உட்கார்ந்து சொல்லிக்கொடுப்பதில்லை. வாடகைக்கு மெஷின் கொண்டுவரும் பையன் குழாய்த் தண்ணீரை நிரப்பி, குமிழி வருவதைக் காட்டிவிட்டு, அடுத்த வீட்டுக்குப் போய்விடுகிறான்.

உங்கள் லிட்டர் எத்தனை?

மருத்துவர் சீட்டில் நிமிடத்துக்கு இத்தனை லிட்டர் என்று எழுதியிருப்பார். அந்த எண்ணை முதலில் பாருங்கள். 4 லிட்டருக்குள் மூக்குக் குழாய் வழியாக எடுப்பவர்களில் பெரும்பாலோருக்குத் தண்ணீர் பாட்டில் தேவையே இல்லை. அமைதியாகப் படுத்திருப்பவர்கூட நிமிடத்துக்கு ஆறேழு லிட்டர் காற்றை உள்ளே இழுக்கிறார். அதில் மெஷின் தருவது 1 அல்லது 2 லிட்டர் என்றால் மீதியெல்லாம் அறைக் காற்றுதான். நம் ஊர் அறைக் காற்றின் ஈரத்தைப் பற்றிச் சொல்ல வேண்டியதில்லை. மூக்கும் தன் பங்குக்கு ஈரம் சேர்க்கிறது.

பிரிட்டிஷ் தொராசிக் சொசைட்டி 2017இல் வெளியிட்ட வழிகாட்டுதல் இன்னும் கறாராகப் பேசுகிறது. அது மருத்துவமனைகளையும் அவசர சிகிச்சையையும் மனத்தில் வைத்து எழுதப்பட்டது. குமிழி விடும் பாட்டிலால் குறிப்பிடத்தக்க பலன் இருப்பதற்கு ஆதாரம் இல்லை, தொற்றுக்கு வழி இருக்கிறது, ஆகவே பயன்படுத்த வேண்டாம் என்கிறது அது. நான் அவ்வளவு தூரம் போகமாட்டேன். 4 லிட்டருக்கு மேல் எடுப்பவர்களில் பலர் பாட்டில் வைத்த பிறகு நிம்மதியாகத் தூங்குகிறார்கள். குறைந்த லிட்டரிலும் மற்ற வழிகள் பலிக்காத சிலருக்கு இது உதவுகிறது. ஆனால் இது சுகத்துக்கான ஏற்பாடு, மருந்து அல்ல என்பதை மறக்க வேண்டாம். பாட்டில் இல்லாததால் யாருக்கும் ஆக்சிஜன் குறையாது. அழுக்குப் பாட்டிலால் நோய் வரலாம்.

தொண்டையில் துளையிட்டு அதன் வழியாக மூச்சு விடுபவர்களுக்கு இந்தக் கட்டுரை பொருந்தாது. அவர்களுக்குக் காற்று மூக்கைத் தொடாமல் நேரே உள்ளே போகிறது. ஈரப்பதம் அவசியம், அதற்கான கருவியும் வேறு. மருத்துவரிடம் கேட்டுத்தான் செய்ய வேண்டும்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். மூக்கு காய்கிறது என்று லிட்டரைக் குறைப்பதும், மூச்சு வாங்குகிறது என்று கூட்டுவதும் வீட்டார் கையில் இல்லை. நாள்பட்ட நுரையீரல் அடைப்பு நோய் உள்ள பலருக்கு ஆக்சிமீட்டரில் 88 முதல் 92 வரை இருந்தால் போதும் என்றே மருத்துவர் வைத்திருப்பார். 98 பார்க்கும் ஆசையில் திருகைக் கூட்டினால் இரத்தத்தில் கரியமில வாயு சேர்ந்து, ஆள் மயக்கத்துக்குப் போகலாம்.

பாட்டிலுக்கு முன்பு செய்து பார்க்க வேண்டியவை

மூக்குக் குழாயின் இரண்டு முனைகளையும் பாருங்கள். அவை உள்பக்கமாக, கீழ்நோக்கி வளைந்திருக்க வேண்டும். தலைகீழாக மாட்டியிருந்தால் காற்று நேரே மூக்குச் சுவரில் அடிக்கும். பல வீடுகளில் பாதிப் புகார் இதோடு தீர்ந்துவிடுகிறது. குழாய் மஞ்சளித்து விறைத்துப் போயிருந்தால் மாற்றுங்கள். நாள் முழுவதும் பயன்படுத்துபவர்கள் இரண்டு முதல் நான்கு வாரத்துக்கு ஒரு முறை மாற்றுவது வழக்கம்.

மருந்துக் கடையில் மூக்குக்கான உப்புநீர்ச் சொட்டு மருந்து கிடைக்கும். ஒரு நாளில் மூன்று நான்கு முறை இரண்டிரண்டு சொட்டு விடலாம். மூக்கின் விளிம்பில் தண்ணீரை அடிப்படையாகக் கொண்ட ஜெல்லை மெல்லியதாகத் தடவலாம். வாங்கும்போது 'வாட்டர் பேஸ்டு' என்று கேட்டு வாங்குங்கள்.

அடுத்தது எண்ணெய். கொருக்குப்பேட்டை வீடு ஒன்றில் ஒரு பாட்டி என்னை விடவில்லை.

"நான் பிறந்ததிலிருந்து மூக்கில் தேங்காய் எண்ணெய் தடவுகிறேன், அம்மாடி. இப்போது மட்டும் என்ன வந்துவிட்டது?"

"அப்போது மூக்கில் ஆக்சிஜன் குழாய் இல்லையே, பாட்டி."

தேங்காய் எண்ணெய், வாசலின், நெஞ்சில் தடவும் தைலம் எதுவும் மூக்குப் பக்கம் போகக் கூடாது. காரணம் இரண்டு. செறிந்த ஆக்சிஜனில் எண்ணெய்ப் பசை எளிதில் தீப்பிடிக்கும். அதோடு, மூக்கில் விடும் எண்ணெய் நாளடைவில் கொஞ்சம் கொஞ்சமாக நுரையீரலுக்குள் இறங்கி ஒரு வகை நிமோனியாவை உண்டாக்கலாம். அந்தப் பாட்டி ஜெல்லுக்கு மாறிக்கொண்டார், வாசனை இல்லையே என்ற குறையோடு.

ஏசி ஓடும் அறையில் காற்று காய்ந்திருக்கும். ஏசியின் வீச்சு முகத்தில் படாதபடி கட்டிலைத் திருப்பிப் போடுங்கள். மருத்துவர் தண்ணீர் அளவைக் கட்டுப்படுத்தியிராவிட்டால் அடிக்கடி வாய் நனையக் குடிக்கக் கொடுங்கள். இதையெல்லாம் ஒரு வாரம் செய்தும் தொல்லை தீராவிட்டால் மருத்துவரிடம் ஒரு வார்த்தை கேட்டுவிட்டுப் பாட்டிலுக்குப் போகலாம்.

வாங்க வேண்டியவை

பாட்டிலை ஒன்றாக வாங்காதீர்கள், இரண்டாக வாங்குங்கள். ஒன்று ஓடும்போது மற்றொன்று கழுவிக் காய்ந்துகொண்டிருக்கும். விலை பெரிதில்லை. பார்க் டவுன் நைனியப்ப நாயக்கன் தெருவில் சர்ஜிகல் கடைகள் வரிசையாக இருக்கின்றன. மெஷினின் பெயரையும் மாடலையும் செல்பேசியில் படம் எடுத்துக்கொண்டு போய்க் காட்டுங்கள். சில மெஷின்களில் பாட்டில் நேரே திருகிக்கொள்ளும். சிலவற்றில் பாட்டிலை அதற்கான குழியில் வைத்து, ஒரு குட்டை இணைப்புக் குழாயால் மெஷினோடு சேர்க்க வேண்டும். அந்தக் குட்டைக் குழாய் இல்லாமல் வீட்டுக்கு வந்து, மறுபடியும் பாரிமுனை நெரிசலில் மாட்டிக்கொள்பவர்கள் உண்டு.

பாட்டிலில் மேல்கோடு, கீழ்க்கோடு இரண்டும் தெளிவாகத் தெரிய வேண்டும். மூடி முழுதாகத் திருகி நிற்க வேண்டும். கடையிலேயே திருகிப் பாருங்கள்.

எந்தத் தண்ணீர்?

இந்த விஷயத்தில்தான் வடசென்னைக்காரர்கள் அதிகம் கவனமாக இருக்க வேண்டும். நம் பக்கத்து போர் தண்ணீரில் உப்பு அதிகம். திருவொற்றியூர், எண்ணூர்ப் பக்கம் வாளியிலேயே வெள்ளைப் படலம் ஏறியிருக்கும். அதே படலம் பாட்டிலுக்குள் இருக்கும் குழாயின் நுண்துளைகளில் ஏறினால் காற்று தடைபடும். மெட்ரோ தண்ணீர் குடிக்கத் தக்கதாக வந்தாலும், தொட்டியிலும் குடத்திலும் தங்கிய பிறகு மூச்சோடு உள்ளே போகத் தக்கதல்ல. இருபது லிட்டர் கேன் தண்ணீரில் உப்பு குறைவு. அதனால் படலம் குறையும். கிருமி இல்லை என்று சொல்ல முடியாது. கேனைத் திறந்த மறுநாள் இன்னும் மோசம்.

வாங்க வேண்டியது மருந்துக் கடையில் விற்கும் காய்ச்சி வடித்த நீர், அதாவது டிஸ்டில்டு வாட்டர். கிருமி நீக்கியது என்று பாட்டிலில் அச்சிட்டிருந்தால் நல்லது. திறந்த தேதியைப் பேனாவால் எழுதி வையுங்கள். மூடியைத் திறந்தே வைத்துவிட்டால் எந்த நீரும் சுத்தமாக இருக்காது.

பேட்டரிக் கடையிலும் பெட்ரோல் பங்கிலும் இன்வெர்ட்டருக்காக விற்கும் நீரும் அதே பெயரில்தான் வருகிறது. அது உப்பு நீக்கிய நீர்; மனிதர் மூச்சுக்காகத் தயாரித்தது அல்ல. தவிர, பேட்டரி ஆசிட் கேனும் அதே அலமாரியில், அதே தோற்றத்தில் நிற்கும். அந்தப் பக்கமே போகாதீர்கள்.

சலைன் பாட்டிலும் கூடாது. உப்புக் கரைசல் வற்ற வற்ற உப்பு மட்டும் தங்கி, துளைகளை அடைத்துவிடும். மூக்குக்குச் சொட்டாக விடுவது வேறு, பாட்டிலில் ஊற்றுவது வேறு.

இரவில் நீர் தீர்ந்துவிட்டது, கடை இல்லை என்றால் கேன் தண்ணீரைக் கொதிக்க வையுங்கள். தளதளவென்று ஐந்து நிமிடம் கொதித்ததும் மூடிவைத்து, முழுதாக ஆறவிட்டு, ஊற்றிக்கொள்ளலாம். போர் தண்ணீரைக் காய்ச்சாதீர்கள். காய்ச்சினால் கிருமி சாகும், உப்பு இன்னும் செறிவாகும்.

யூகலிப்டஸ் தைலம், கற்பூரவள்ளிச் சாறு, துளசி, ஓமம் எதையும் தண்ணீரில் கலக்க வேண்டாம். இது ஆவி பிடிக்கும் சட்டி அல்ல. வெந்நீரும் வேண்டாம். வெப்பம் பிளாஸ்டிக்கை நெளியவைக்கும். ஆவி குழாயில் குளிர்ந்து தண்ணீராக மூக்குக்கு வரும்.

பொருத்துவது

கையைச் சோப்புப் போட்டுக் கழுவித் துடைத்துக்கொள்ளுங்கள். மெஷினை நிறுத்துங்கள். பாட்டிலின் மூடியைத் திருகிக் கழற்றி, இரண்டு கோடுகளுக்கும் நடுவில் நிற்கும்படி நீரை ஊற்றுங்கள். அடிக்கடி நிரப்ப அலுத்துக்கொண்டு மேல்கோட்டைத் தாண்டி ஊற்றுகிறவர்கள் இருக்கிறார்கள். அப்படிச் செய்தால் குமிழியோடு தண்ணீர்த் துளிகளும் குழாயில் ஏறும்.

மூடியைத் திருகும்போது முதலில் மெதுவாக இடப்பக்கம் ஒரு சுற்று விட்டு, மரை பொருந்தும் 'டிக்' உணர்வு கைக்கு வந்த பிறகு வலப்பக்கம் முறுக்குங்கள். மரை கோணலாக ஏறினால் பார்வைக்கு மூடியதுபோல் இருக்கும். பக்கவாட்டில் காற்று கசியும்.

மூடியின் நடுவில் மரையோடு இருப்பது மெஷினிலிருந்து காற்று வரும் வாய். பக்கத்தில் சின்ன மூக்கு போல நீட்டிக்கொண்டிருப்பது நோயாளிக்குப் போகும் வாய். மூக்குக் குழாயை அதில் இறுகச் செருகுங்கள். இரண்டையும் மாற்றிப் பொருத்தினால் காற்றுக்குப் பதில் பாட்டில் நீரே குழாயில் ஏறிவிடும். நோயாளிக்கு மாட்டும் முன்பு ஓட்டிப் பார்க்கச் சொல்வது இதற்காகத்தான்.

பாட்டில் நேராக நிற்க வேண்டும், படுத்திருப்பவரின் மூக்கைவிடத் தாழ்வாக இருக்க வேண்டும். மெஷினைச் சுவரிலிருந்து ஓர் அடியாவது தள்ளி, திரைச்சீலை தொடாத இடத்தில் வையுங்கள்.

ஓட்டிப் பார்ப்பது

மெஷினைப் போட்டு, சீட்டில் உள்ள லிட்டருக்குத் திருகை வையுங்கள். லிட்டரைக் காட்டும் சின்னப் பந்து மிதக்கும் அளவுக் குழாய் மெஷினில் இருக்கும். கண்ணை அதன் மட்டத்துக்குக் கொண்டுவந்து பாருங்கள். பந்தின் நடுப்பகுதி கோட்டில் நிற்க வேண்டும். கொளத்தூர் வண்ணமீன் கடைத் தொட்டிகளில் எழுவதுபோல் பாட்டிலில் சீராகக் குமிழி எழும்.

குமிழி வந்ததும் வேலை முடிந்தது என்று எல்லோரும் எழுந்துவிடுகிறார்கள். பந்து காட்டுவது மெஷினை விட்டுக் கிளம்பும் அளவு. குமிழி காட்டுவது பாட்டிலுக்குள் வந்த காற்று. மூடி ஓரமாகக் கசிந்தால் பந்தும் சரியாக நிற்கும், குமிழியும் வரும், மூக்குக்கு மட்டும் ஒன்றும் போகாது. ஆகவே மூக்குக் குழாயின் இரு முனைகளையும் ஒரு டம்ளர் சுத்தமான நீரில் நனையவிட்டுப் பாருங்கள். அங்கேயும் குமிழி தாராளமாக வர வேண்டும். பிறகு முனைகளை உதறித் துடைத்து மாட்டுங்கள். பாட்டிலைக் கழற்றிப் பொருத்தும் ஒவ்வொரு முறையும் இதைச் செய்ய வேண்டும்.

இன்னொரு சோதனையும் உண்டு. குழாயை விரலால் சில நொடி மடக்கிப் பிடியுங்கள். பெரும்பாலான பாட்டில்களின் மூடியில் ஒரு பாதுகாப்பு வால்வு இருக்கும். அழுத்தம் ஏறியதும் அது விசில்போல் ஒலிக்கும். ஒலித்தால் கசிவில்லை. யாரும் மடக்காமலே பாட்டில் விசிலடித்தால் குழாய் எங்கோ கட்டில் காலிலோ கதவிடுக்கிலோ நசுங்கிக் கிடக்கிறது என்று பொருள்.

தினசரி வேலை

இருக்கும் நீரின் மேல் புது நீரை ஊற்றி நிரப்பாதீர்கள். தினமும் மிச்ச நீரைக் கொட்டி, சோப்புக் கரைசலில் கழுவி, நன்றாக அலசி, கவிழ்த்துக் காயவைத்துவிட்டு மற்றப் பாட்டிலை மாட்டுங்கள். தேங்கிய நீரில் சூடோமோனாஸ் போன்ற பாக்டீரியாக்கள் சுலபமாக வளரும். காற்று அவற்றின் வழியாகத்தான் நோயுற்ற நுரையீரலுக்குப் போகிறது. பாட்டிலின் உள்சுவரை விரலால் தடவும்போது வழவழப்பு தெரிந்தால் அது கிருமிப் படலம். 2021இல் கருப்புப் பூஞ்சை பரவியபோது ஆக்சிஜன் பாட்டில் தண்ணீர்மீதும் சந்தேகம் எழுந்தது. கட்டுப்படாத சர்க்கரையும் ஸ்டீராய்டு மருந்துமே பெரிய காரணங்களாகப் பேசப்பட்டன, தண்ணீர்மீதான பழி உறுதியாகவில்லை. ஆனால் பாட்டிலைக் கழுவ அந்த அளவுக்குப் பயம் தேவையில்லை, வழவழப்பே போதும்.

வாரம் ஒரு நாள், மளிகைக் கடையின் வெள்ளை வினிகர் ஒரு பங்கு, தண்ணீர் மூன்று பங்கு கலந்து அரை மணி நேரம் ஊறவையுங்கள். உள்குழாயும் மூழ்க வேண்டும். பிறகு வாடை போகும்வரை அலசுங்கள். கடைசி அலசலைக் காய்ச்சி ஆறிய நீரில் செய்யுங்கள். டெட்டால், பினாயில், பிளீச்சிங் பவுடர் வேண்டாம். விரிசல் விட்டாலோ மங்கிப்போனாலோ பாட்டிலை மாற்றிவிடுங்கள்.

அதே நாளில் மெஷினின் பஞ்சு வடிகட்டியையும் கழுவி, முழுதாகக் காய்ந்த பிறகு மாட்டுங்கள். மணலி, எண்ணூர்ப் பக்கம் வாரம் இரு முறை கழுவினால்கூடத் தப்பில்லை. ஜன்னல் கட்டையில் கரித்தூசி படியும் வேகத்தைப் பார்த்தவர்களுக்கு ஏன் என்று விளக்க வேண்டாம். போகிப் பண்டிகையன்று காலையில் ஜன்னல்களைச் சாத்திவையுங்கள்.

குழாய்க்குள் தண்ணீர் நின்றால்

பாட்டில் வைத்தவர்களுக்கு வரும் வழக்கமான தொல்லை இது. ஏசி அறையில் இரவு முழுவதும் ஓடினால் குழாயின் தாழ்ந்த வளைவில் நீர் சேர்ந்து, களகளவென்று ஒலிக்கும். சில நேரம் மூக்கில் தெறிக்கும். மாற்றுக் குழாய் ஒன்றை உடனே மாட்டிவிட்டு, நனைந்ததை உதறித் தொங்கவிடுங்கள். மாற்றுக் குழாயைப் பாட்டில் இல்லாமல் மெஷினோடு நேரே இணைத்துச் சிறிது நேரம் ஓட்டினாலும் ஒன்றும் ஆகாது. அடிக்கடி நடந்தால் மூன்றைப் பாருங்கள்: நீர் மேல்கோட்டைத் தாண்டியிருக்கிறதா, ஏசி காற்று குழாய்மீது அடிக்கிறதா, குழாய் தேவைக்கு மேல் நீளமா. நீர் சேரும் சிறு குப்பி ஒன்றைக் குழாயின் நடுவில் பொருத்தவும் கடைகளில் கிடைக்கிறது.

நெருப்பு

ஈரப்பதம் சேர்த்தாலும் ஆக்சிஜன் ஆக்சிஜன்தான். பீடி, சிகரெட், கொசுவர்த்திச் சுருள், ஊதுபத்தி, கற்பூரம், குத்துவிளக்கு, கேஸ் அடுப்பு எல்லாம் பத்தடிக்கு அப்பால் இருக்கட்டும். ஒற்றை அறை வீட்டில் அடுப்பும் கட்டிலும் ஒரே இடம் என்றால், சமைக்கும்போது பெரியவரை வாசல் பக்கத்துக்கு மாற்றுங்கள். மெஷினை நிறுத்திய பிறகும் போர்வையிலும் துணியிலும் சிறிது நேரம் ஆக்சிஜன் தங்கியிருக்கும்.

பாட்டிலைக் குறை சொல்லக் கூடாத நேரம்

பத்து நிமிடம் மூக்கை அழுத்திப் பிடித்தும் இரத்தம் நிற்கவில்லை, காய்ச்சல் வந்து சளி பச்சையாகிறது, மெஷினில் மஞ்சள் அல்லது சிவப்பு விளக்கு அணையாமல் எரிகிறது என்றால் அன்றே மருத்துவரையோ மெஷின் கொடுத்தவரையோ கூப்பிடுங்கள். உதடு நீலமாவது, பேச்சு குழறுவது, எழுப்பினாலும் தூக்கக் கலக்கம் தெளியாதது, ஆக்சிமீட்டர் எண் மருத்துவர் சொன்ன அளவுக்குக் கீழே இறங்கி ஏறாமல் நிற்பது ஆகியவற்றில் ஒன்று தெரிந்தாலும் 108க்கு அழையுங்கள். வண்டி வரும்வரை பாட்டிலைக் கழற்றிவிட்டு, மூக்குக் குழாயை மெஷினோடு நேரே இணைத்துப் பாருங்கள். கசிவுதான் காரணம் என்றால் சில நிமிடத்தில் எண் ஏறும். ஏறினாலும் 108ஐத் திருப்பி அனுப்ப வேண்டாம்.

கரன்ட் போனால் மாற்ற வேண்டிய சிலிண்டருக்குத் தனிப் பாட்டில் வைத்திருப்பவர்கள் அதை உலர்ந்தே வைத்திருங்கள். மாதக்கணக்காகத் தண்ணீரோடு நின்ற பாட்டிலை இருட்டில் அவசரமாகத் திறந்துவிடும் ஆபத்து அதனால் இல்லாமல் போகும். இரண்டு மணி நேர மின்தடைக்கு வெறும் பாட்டிலே போதும். சிலிண்டரின் மரைகளில் எண்ணெய்க் கை படக் கூடாது. ஆட்டோவில் ஸ்டான்லிக்குப் போகும்போதும் பாட்டிலில் நீர் இருக்க வேண்டாம். மின்ட் மேம்பாலம் ஏறி இறங்குவதற்குள் அது குழாய்க்குள் போய்விடும்.